பூட்டு வரும் முன்னே, கேள்வி வரும் பின்னே

யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்று நம் பாட்டிமார் சொல்லக் கேட்டிருக்கின்றோம். மிருகமாகிய யானைக்கே அவ்வளவு மரியாதை தெரிந்திருக்கின்றது. ஆனால் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கங்களின் வாசலுக்கு அதிகாரம் வருகின்ற முறையோ இதற்கு நேர்மாறானது. பூட்டு முன்னே வருகின்றது. கேள்வி பின்னே வருகின்றது. சில வேளைகளில் கேள்வி வருவதேயில்லை.

பேராக் மாநிலத்திற் பால்மரக் காட்டுக்குள் வளர்ந்தவர்களுள் யாமும் ஒருவர். பல ஆண்டுகட்கு முன்னர், ஒரு தோட்டத்துச் சிக்கனச் சங்கத்தின் கதவில் ஒரு தாள் ஒட்டப்பட்டிருந்ததைக் கண்டோம். அது எந்தத் தோட்டம், எந்த அலுவலகம் என்பதை இங்கு எழுத வேண்டுவதில்லை. வெட்டு முடிந்து, பால் வாளியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு வந்த ஓர் அம்மையார், அத்தாளின்முன் நெடுநேரம் நின்றார். "தம்பி, இதுல என்னப்பா போட்டிருக்கு?" என்றார். சங்கத்தின் நடவடிக்கைகள் நிறுத்தி வைக்கப்பட்டிருக்கின்றன என்று மலாய் மொழியில் மூன்று வரி எழுதியிருந்தது. அதைச் சொன்னோம். "ஏன் நிறுத்துனாங்களாம்?" என்றார். காரணம் எழுதவில்லை. "யாரு போய்ச் சொன்னாங்களாம்?" அதுவும் இல்லை. "நம்மள ஒரு வார்த்தை கேக்கலையே, நம்ம காசுதானே அது?" என்று கேட்டுவிட்டு, மறுமொழிக்குக் காத்திராமல் லயத்தை நோக்கி நடந்தார். அந்த மாதமும் அவர் சம்பளத்திற் சங்கத்திற்கான பிடித்தம் நிற்கவில்லை என்பதைப் பின்னர் அறிந்தோம். வாங்குகிற கை திறந்தே இருந்தது. கொடுக்கிற கைக்கு மாத்திரமே பூட்டு!

அவ்வம்மையார் சட்டம் படித்தவரல்லர். எனினும் அவர் கேட்ட மூன்று கேள்விகளுக்குள்ளே, பெரிய நியாயத்தலங்கள் நூறாண்டுகளுக்கு மேலாக எழுதிவந்த தீர்ப்புகளின் சாரமெல்லாம் அடங்கிக் கிடக்கின்றது. காரணம் என்ன? ஆதாரம் என்ன? பாதிக்கப்படுகிறவன் சொல்வதைக் கேட்டீர்களா? இம்மூன்றையுமே யாம் இக்கட்டுரையில் அதிகாரிகளை நோக்கிக் கேட்கப் போகின்றோம். அவற்றில் ஒன்றைச் சங்கத் தலைவர்களை நோக்கியும் கேட்கப் போகின்றோம். அவர்கள் அதற்குள் கைதட்டிவிட வேண்டாம்.

முதலில் ஒரு தப்பெண்ணத்தை நீக்கிவிடுவோம். கூட்டுறவுச் சங்கங்களைச் சர்க்கார் கண்காணிக்கவே கூடாது என்பது எம் வாதமன்று. ஏழைகளின் பணம் சேருகின்ற இடத்தில் எறும்பு மொய்ப்பதைவிட வேகமாகக் கள்வர் மொய்ப்பர் என்பதை யாமும் அறிவோம். 1993ஆம் ஆண்டின் கூட்டுறவுச் சங்கச் சட்டம் கணக்குகளைச் சோதிக்கவும், விசாரணை நடத்தவும், பதிவை நீக்கவுங்கூட அதிகாரம் தருகின்றது. 2008ஆம் ஆண்டு முதல் அவ்வதிகாரத்தை மலேசியக் கூட்டுறவு ஆணையம் செலுத்தி வருகின்றது. அவ்வதிகாரம் இருக்கட்டும். மருத்துவனிடம் கத்தி இருக்க வேண்டியதுதான். நோயாளியிடம் எங்கே வலிக்கின்றது என்று கேளாமல் அறுக்கலாமா என்பதே கேள்வி.

"கூட்டுறவுச் சங்கம் சர்க்கார் பதிவுசெய்து பெற்றெடுத்த பிள்ளை. பெற்றவருக்குக் கண்டிக்கவும் உரிமையுண்டு" என்று சிலர் சொல்வதுண்டு. இப்பேச்சு எவ்வளவு பொருந்தாதது என்பதற்குச் சரித்திரமே சாட்சி. இந்நாட்டில் கூட்டுறவுச் சட்டம் 1922ஆம் ஆண்டில் வந்தது. அவ்வாண்டு ஜூலை மாதத்திற் பதிவான முதற் சங்கம் எது? நிலப்பிரபுக்களின் சங்கமா? வியாபாரிகளின் சங்கமா? தபால் தந்தி இலாகா ஊழியர்களின் சிக்கனக் கடன் சங்கம்! சம்பளத்திற்கும் வட்டிக்கடைக்கும் நடுவில் நசுங்கிக் கிடந்தவர்கள், தங்கள் சம்பளத்திலேயே ஒரு பங்கை ஒதுக்கி, ஒருவர்க்கொருவர் கடன் கொடுத்துக்கொள்ள ஏற்படுத்திக்கொண்ட சங்கம். ஆகவே, ஒரே இடத்தில் வேலை செய்வோரின் சங்கமே இந்நாட்டுக் கூட்டுறவின் மூத்த பிள்ளை. அப்பிள்ளையைப் பெற்றது ஊழியனின் பட்டினி. சர்க்கார் செய்தது பெயரைப் புத்தகத்தில் எழுதிக்கொண்டதுதான். பிறப்புப் பதிவு செய்யும் கிராணி, பதிவு செய்த குழந்தைகளுக்கெல்லாம் தகப்பனாகிவிடுவானா?

நம் தோட்டத்து மக்களுக்கோ இக்கதை இன்னும் நெருக்கமானது. ஆங்கிலேயத் துரைமார் ஊர் திரும்பும் காலத்தில், 1950களில், பெருந்தோட்டங்களை விற்றனர். வாங்கியவர்கள் துண்டு துண்டாக வெட்டிக் கைமாற்றினர். மூன்று தலைமுறையாகப் பால் வெட்டியவன் லயத்தை விட்டு வெளியே நின்றான். அத்துண்டாடலைப் பற்றி உங்கு அசீஸ் அவர்கள் தனியே ஆராய்ந்து எழுதும் அளவுக்கு அது பெருங்கேடாக இருந்தது. அப்பொழுது நம் பேராக்கின் சுங்கை சிப்புட்டைச் சேர்ந்த துன் வீ. தி. சம்பந்தன் தோட்டந்தோட்டமாகச் சென்று, பத்துப் பத்து வெள்ளியாகத் தொழிலாளரிடமே திரட்டி, 1960ஆம் ஆண்டில் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டத்தை அது முதலில் வாங்கிற்று. பெரட்டுக் களத்தில் பெயர் கூப்பிடக் காத்து நின்றவன், அத்தோட்டத்தின் பங்குதாரன் ஆனான். இது பிச்சையன்று, சலுகையுமன்று. பத்து வெள்ளி என்பது அந்நாளில் ஒரு குடும்பத்தின் அரிசியும் கருவாடும். வயிற்றைக் கட்டிச் சேர்த்த அப்பணத்தின்மீது கை வைக்கிறவர், யாராயிருந்தாலும், உடையவனிடம் ஒரு சொல் கேட்டுவிட்டு வைக்க வேண்டும் என்பது அதிகமான கோரிக்கையா?

நிற்க. எதிர்க்கட்சியாரின் மிகப் பலமான வாதத்தை எடுத்துக்கொள்வோம். "முன்னறிவிப்புக் கொடுத்தால் கள்வன் கணக்குப் புத்தகத்தைக் கொளுத்திவிடுவான், பணத்தைக் கடத்திவிடுவான். அவசரத்திற் பூட்டத்தான் வேண்டும்" என்கின்றனர். இதில் உண்மை இல்லாமல் இல்லை. 1986ஆம் ஆண்டில் நிகழ்ந்ததை மூத்த வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். ஜூலையில் ஒரு சங்கமும் ஆகஸ்டில் 23 சங்கங்களுமாக, வைப்புநிதி வாங்கிவந்த 24 கூட்டுறவுச் சங்கங்கள் முடக்கப்பட்டன. ஐந்து லட்சத்திற்கு மேற்பட்ட மக்களின் சுமார் 150 கோடி வெள்ளி அவற்றுட் சிக்கிக் கிடந்தது. அவை வேலையிடச் சங்கங்களல்ல. பெரும்பாலும் நகரத்துச் சீன மக்களின் சேமிப்பை வாங்கியவை. ஆயினும் ஈப்போவின் தெருக்களிலும் அன்று மூடிய கதவுகளின்முன் நின்றவர்கள், மீன் விற்றவர்களும் தகரச் சுரங்கத்திற் கூலி வாங்கியவர்களுமேயன்றிச் சீமான்களல்லர்.

அச்சங்கங்கள் பலவற்றில் நிர்வாகிகள் செய்த அக்கிரமம் உண்மை. பிறர் பணத்தை எடுத்துப் பங்குச் சந்தையிலும் நிலத்திலும் போட்டுச் சூறையாடினர் என்பதை அவ்வாண்டு நவம்பரில் வெளிவந்த வெள்ளை அறிக்கை காட்டிற்று. ஆகவே, பூட்டியது தவறென்று யாம் கூறமாட்டோம். ஆனால் எந்தச் சாவியால் பூட்டினார்கள் என்று பாருங்கள். கூட்டுறவுச் சட்டத்தினாலன்று. வைப்பாளர் பாதுகாப்புக்கென்று 1986இல் பிறப்பித்த விசேஷ விதிகளால். அவ்விதிகளுக்கு வேர் எது? 1979ஆம் ஆண்டின் அவசரகால அதிகாரச் சட்டம். அச்சட்டத்திற்கு வேர் எது? 1969ஆம் ஆண்டு மே மாதக் கலவரத்தின்போது பிரகடனமான அவசரநிலை. தெருவில் இரத்தம் ஓடியபொழுது செய்த பிரகடனம், பதினேழு ஆண்டுகள் கழித்து, பாஸ்புக்கை வைத்துக்கொண்டு வரிசையில் நின்ற கிழவியின்மீது வந்து விழுந்தது! அப்பிரகடனம் 2011ஆம் ஆண்டிற்றான் நாடாளுமன்றத்தால் நீக்கப்பெற்றது. அவசரம் என்னும் சொல்லுக்கு நம் அகராதிகள் கொடுத்திருக்கும் பொருளைத் திருத்தி அச்சிட வேண்டும் போலும்.

இதிலிருந்து யாம் பெறுகின்ற பாடம் இதுதான். தீப்பிடித்த வீட்டின் கதவை உடைத்துக்கொண்டு நுழையலாம். அதற்கு வீட்டுக்காரனிடம் அனுமதி கேட்க வேண்டியதில்லை. ஆனால் தீயை அணைத்த பிறகும் வீட்டுக்காரனைத் தெருவிலேயே நிறுத்தி வைத்துவிட்டு, உள்ளே என்ன எரிந்தது, என்ன மிஞ்சியது என்று சொல்லாதிருப்பதற்குத் தீ காரணமாகாது. அவசரமாய்ப் பூட்டினால், பூட்டிய சில நாட்களுக்குள் கேட்கவேண்டும். இத்தனை நாளைக்குத்தான் இப்பூட்டு என்று கெடு எழுதவேண்டும். கெடு முடிந்தால் மீண்டும் காரணம் காட்டியே நீட்டவேண்டும். 1986இல் முடங்கிய பணம் மக்கள் கைக்கு மீண்டது சிறுகச் சிறுக. பணமாகக் கொஞ்சம், பத்திரமாகவும் பங்காகவும் கொஞ்சம். ஆண்டுகள் பல சென்று. இடையில் அவர்கள் வீட்டுக் கலியாணங்களும் சாவுகளும் தவணை கேட்டுக் காத்திருக்கவில்லை.

இரண்டாவது வாதம் சற்றே அவமானகரமானது. ஆதலால் அதை வெளிப்படையாக எவரும் சொல்வதில்லை. தேநீர்க் கடையிலும் அலுவலக மேசையோரத்திலும் சொல்வார்கள். "தோட்டத்தானுக்குக் கணக்கு என்ன தெரியும்? அவனைக் கூப்பிட்டு வைத்து விளக்கினால் விடிந்துவிடும்" என்பது. ஐயா, தோட்டத்தானுக்குக் கணக்குத் தெரியாதா? எத்தனை மரம் வெட்டினான், எத்தனை இறாத்தல் பால், ஒட்டுப்பாலுக்கு எவ்வளவு, நிறுவையில் கிராணி எவ்வளவு கழித்தான் என்பதையெல்லாம் மனத்திலேயே கூட்டிப் பெருக்கி, சம்பள நாளில் ஐந்து காசு குறைந்தாலும் கண்டுபிடித்த இனம் அது. அவனுக்குப் புரியாதது கணக்கன்று. நீங்கள் எழுதும் மொழி. அவன் புரிந்துகொள்ளும் மொழியில் ஒரு தாள் எழுதியனுப்ப முடியாத அலுவலகம், அவனுக்கு அறிவில்லை என்று சொல்லத் துணிவதுதான் வேடிக்கை. தேர்தற் காலத்தில் இதே தோட்டத்தானுக்கு விளங்கும்படி தமிழில் அச்சடித்து வீட்டுக்கு வீடு கொடுக்க முடிகின்றதே! அப்பொழுது மாத்திரம் அச்சகத்தில் தமிழ் எழுத்து எங்கிருந்து வந்தது?

மூன்றாவது வாதம், "குற்றம் வெட்டவெளிச்சம், கேட்டிருந்தாலும் முடிவு இதுவே" என்பது. இதற்கு நாம் இங்கிலாந்துக்குப் போக வேண்டுவதில்லை. மதுரைக்குப் போனாற் போதும். சிலப்பதிகாரத்துப் பாண்டியன் கொடுங்கோலனல்லன். அவன் செய்த பிழை என்ன? களவு போன சிலம்பு கள்வன் கையில் இருக்கின்றது என்று பொற்கொல்லன் சொன்னான். ஊடல் கொண்ட தேவியை நோக்கி நடந்துகொண்டிருந்த அரசன், நடையிலேயே ஆணையிட்டான். முறைப்பாடு ஒன்று, உத்தரவு ஒன்று, நடுவில் இருக்க வேண்டிய கேள்வி மாத்திரம் இல்லை. புகார் சொன்னவனே களவு செய்தவன் என்பதை ஒரு கேள்வியில் அறிந்திருக்கலாம். உன் சிலம்பிற் பரல் என்ன என்று கோவலனைக் கேட்டிருந்தால், அவன் மாணிக்கம் என்றிருப்பான். அரசியின் சிலம்பில் இருந்ததோ முத்து. உடைத்துப் பார்க்க ஒரு கணம் போதும். கண்ணகி வந்து உடைத்தபொழுது உண்மை வெளிப்படத்தான் செய்தது. ஆனால் அதற்குள் கோவலன் வெட்டுண்டு கிடந்தான். நம் புலவர்கள் மேடைதோறும் இக்கதையைக் கற்பின் பெருமையாகவே பேசித் தீர்க்கின்றனர். கேளாமற் கொடுத்த தீர்ப்பின் கதையாக அதைப் பேசிய மேடைகள் எத்தனை? 1969ஆம் ஆண்டில் மெகாரி என்னும் ஆங்கில நீதிபதியும், முடிவு தெளிவாகத் தோன்றிய வழக்குகள் பல, கேட்ட பிறகு வேறு விதமாக முடிந்திருக்கின்றன என்னும் கருத்தைத் தம் தீர்ப்பில் எழுதினார். இளங்கோ அதை முன்பே எழுதிவைத்திருந்தார்.

புகார் சொன்னவன் யார் என்பது சிறிய விஷயமன்று. தோட்டத்துச் சங்கத்தில் தேர்தலில் தோற்றவன் புகார் எழுதுவான். கடன் மறுக்கப்பட்டவன் எழுதுவான். சங்கக் கடையால் வியாபாரம் குறைந்த பட்டணத்துக் கடைக்காரன் ஆள் வைத்து எழுதுவான். நல்லவனும் எழுதுவான், அவன் எழுதுவதை மதிக்கத்தான் வேண்டும். ஆயினும் எதிரியின் கைக்கு அத்தாள் போகாவிட்டால், இவர்களில் யார் எழுதியது என்று அதிகாரிக்கு எப்படித் தெரியும்?

இதைப் பற்றி நம் நாட்டிலிருந்தே சென்ற ஒரு வழக்கு, உலகமெங்கும் சட்டம் படிப்போர் படிக்கின்ற வழக்காகிவிட்டது. சுரீந்தர் சிங் கண்டா என்னும் போலீஸ் இன்ஸ்பெக்டர் 1958இல் வேலையினின்றும் நீக்கப்பட்டார். அவரை விசாரித்த அதிகாரியின் கையில், அதற்கு முன் கூடிய ஒரு விசாரணைக் குழுவின் அறிக்கை இருந்தது. அதில் அவரைப் பற்றிக் கடுமையாக எழுதியிருந்தது. கண்டாவிடமோ அது காட்டப்படவில்லை. உயர்நீதிமன்றத்தில் வென்று, மேல்முறையீட்டில் தோற்று, இலண்டன் பிரிவி கவுன்சில்வரை போனார், 1962இல் வென்றார். தன்மீதுள்ள குற்றச்சாட்டு இன்னதென்றும், அதற்குச் சான்று இன்னதென்றும் அறியாதவனுக்குப் பேச வாய்ப்புக் கொடுத்தேன் என்பது வெறும் சொல் என்பதே டென்னிங் பிரபுவின் தீர்ப்பின் கருத்து. நீதிபதி ஒரு பக்கத்தாரிடம் மறுபக்கத்தார் அறியாமல் எதையும் கேட்கவோ வாங்கவோ கூடாது என்றும் அவர் சொன்னார். அவ்வறிக்கையால் கண்டாவுக்குக் கேடு விளைந்ததா என்று அளந்துகொண்டிருக்கவுங்கூட அவர் சம்மதிக்கவில்லை. விளையக்கூடும் என்பதே போதும் என்றார். சர்க்கார் ஊழியனை விசாரணையின்றி நீக்கலாகாது என்று நம் அரசமைப்புச் சட்டத்தின் 135ஆம் பிரிவு எழுத்திலேயே கூறுகின்றது. ஓர் இன்ஸ்பெக்டரின் உத்தியோகத்திற்குக் கிடைத்த மரியாதை, ஐந்நூறு பால்வெட்டுக்காரர்களின் சேமிப்புக்கு ஏன் கிடைக்கலாகாது?

இன்னொன்றும் உண்டு. சோதிக்கப் போகிறவரும், சோதித்ததன்மேல் குற்றஞ் சாட்டுகிறவரும், அக்குற்றத்திற்குத் தண்டனை விதிக்கிறவரும் ஒரே மேசையைச் சேர்ந்தவர்களாயிருந்தால், மேசை தன் பேச்சைத் தானே மறுக்குமா? சோதனைக்குப் போனவர் எழுதிய அறிக்கை பொய்யாயிருக்கலாம் என்று எண்ணுவதற்கு, அதே அலுவலகத்தின் மேலதிகாரிக்கு மனம் வருவது அரிது. அது அவர் கெட்டவர் என்பதனாலன்று, மனித சுபாவம். ஆகவே சோதித்தவர் வேறு, தீர்ப்பவர் வேறு என்று பிரித்து வைப்பது அதிகாரிக்கும் நல்லதே. நாளைக்கு அவரை எவரும் பழிக்க இடமிராது.

இந்தியாவில் இதற்கொரு முயற்சி நடந்தது. தமிழ்நாட்டின் 1983ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சட்டம், நிர்வாகக் குழுவைக் கலைக்குமுன் அக்குழு தன் சமாதானத்தைச் சொல்ல வாய்ப்பளிக்கவேண்டும் என்று 88ஆம் பிரிவில் விதிக்கின்றது. எழுத்தில் நன்றாயிருக்கின்றது. ஆயினும் தேர்ந்தெடுக்கப்பட்ட குழுக்கள் போய், தனி அதிகாரிகள் வந்து உட்கார்ந்த காலங்கள் அங்கே நீளமானவை. பின்னர் 2011ஆம் ஆண்டின் 97ஆவது அரசமைப்புத் திருத்தம், குழுவைக் கலைத்து வைப்பதற்கு ஆறு மாதமே எல்லை என்று நாடு முழுமைக்கும் விதித்தது. 2021இல் உச்சநீதிமன்றம், மாநிலங்களின் ஒப்புதலைப் பெறாமல் அத்திருத்தத்தைச் செய்தது தவறென்று, மாநிலச் சங்கங்களைப் பொறுத்தமட்டில் அதைத் தள்ளிவிட்டது. பாருங்கள் இந்த வேடிக்கையை! சங்கங்களைக் கேட்காமற் கலைக்காதே என்ற சட்டமே, கேட்கவேண்டியவரைக் கேட்காமற் செய்ததனால் விழுந்தது.

நம் மக்கள் ஏன் இதையெல்லாம் வாய்திறந்து கேட்பதில்லை? சிலர் அடிமைப் புத்தி என்று வசைபாடுவர். யாம் அப்படிச் சொல்லமாட்டோம். இதற்கொரு காரணமுண்டு, அது பேராக்கின் மண்ணிலேயே புதைந்து கிடக்கின்றது. 1948 ஜூன் மாதத்தில் தொழிற்சங்கச் சட்டத்தைத் திருத்தினார்கள். அகில மலாயாத் தொழிற்சங்க சம்மேளனம் பதிவிழந்தது. சில நாட்களில், ஜூன் 16ஆம் தேதி, சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் தோட்டத் துரைமார் சுட்டுக் கொல்லப்பட்டனர், அவசரகாலம் வந்தது. மறு ஆண்டு மே மாதத்தில் சம்மேளனத்தின் தலைவராயிருந்த எஸ். ஏ. கணபதி தூக்கிலிடப்பட்டார். அக்காலத்தில் சங்கப் புத்தகம் வீட்டிலிருந்ததற்காகவே அதை அடுப்பில் போட்டு எரித்தவர்கள் இருந்தார்கள். சங்கம் என்னுஞ் சொல்லும் போலீஸ் என்னுஞ் சொல்லும் ஒருசேர நினைவுக்கு வரும்படி ஒரு தலைமுறை பழக்கப்பட்டது. அத்தலைமுறையின் பிள்ளைகள், சங்கத்தின் கதவில் ஒட்டிய தாளைக் கண்டால், காரணம் கேட்பதற்கு முன் பின்வாங்கி நிற்கின்றனர். அச்சத்திற் பிறந்த அம்மௌனத்தை அதிகாரிகள் சம்மதமென்று எழுதிக்கொள்வது தர்மமன்று.

இனி, நம் சங்கத் தலைவர்களே, உங்களிடம் வருகின்றோம். சர்க்கார் உங்களைக் கேட்கவில்லையென்று குமுறுகின்றீர்கள். நீங்கள் யாரைக் கேட்டீர்கள்? ஆண்டுப் பொதுக்கூட்டம் என்று நோட்டீஸ் அனுப்புகின்றீர்கள். அது கூட்டத்திற்கு முதல்நாள் வந்து சேர்கின்றது. பஸ் கூலியும் பிரியாணிப் பொட்டலமும் கொடுக்கின்றீர்கள். கணக்குப் புத்தகத்தைக் கொடுப்பதில்லை. எழுந்து ஒரு கேள்வி கேட்ட அங்கத்தினனை, "இவன் கலகக்காரன்" என்று மறுமாதக் கூட்டத்தில், அவன் இல்லாத நேரம் பார்த்து நீக்குகின்றீர்கள். அவனுக்குக் குற்றப்பத்திரிகை கொடுத்தீர்களா? அவன் பக்கத்தைக் கேட்டீர்களா? கங்காணி போய்விட்டான், துரை போய்விட்டான் என்று மகிழ்ந்தோம். அவன் நாற்காலி போகவில்லை. அதில் நீங்கள் உட்கார்ந்திருக்கின்றீர்கள். சாதி பார்த்து டைரக்டர்களைப் பொறுக்குகின்ற சங்கங்களும் நம்மிடையே இல்லாமலில்லை. பெண்கள் பாதிக்குமேல் அங்கத்தினராயிருந்தும் மேடையில் ஒரு பெண்ணைக் காணாத சங்கங்களும் உண்டு. உள்ளே கேளாத காதுகளை வைத்துக்கொண்டு, வெளியே கேட்கவில்லையென்று கூச்சலிடுவது எடுபடுமா? இதை எழுதினால் பகைவருக்கு ஆயுதம் கொடுத்ததாகும் என்று நண்பர் ஒருவர் எச்சரித்தார். பகைவரிடம் ஆயுதம் முன்பே இருக்கின்றது. அதை அவருக்குக் கொடுத்தது நம் கணக்குப் புத்தகம்.

இவ்வளவும் ஒப்புக்கொண்ட பின்னும், டைரக்டர் செய்த குற்றத்திற்கு அங்கத்தினனைத் தண்டிக்கும் நியாயம் எமக்கு விளங்கவில்லை. திருடியவனைப் பிடியுங்கள், அவனை நீக்குங்கள், வழக்குப் போடுங்கள். ஆனால் பள்ளிக்கூடச் செலவுக்குக் கடன் கேட்டுக் காத்திருக்கிற தாய்க்கு, ஓய்வு பெற்றுப் பங்குப் பணத்தைத் திரும்பக் கேட்கிற கிழவனுக்கு, அடக்கச் செலவுக்குச் சங்கத்தின் மரண உதவியை நம்பியிருக்கிற குடும்பத்திற்கு, ஒரு சிறு வாசலையாவது திறந்து வையுங்கள். பிடித்தம் நடக்கும்; உதவி நடக்காது என்பது எந்த ஊர் நியாயம்? பூட்டியிருக்கும் காலத்தில் வாங்கிய பணத்தைத் தனிக் கணக்கில் வைத்து, மாதந்தோறும் அதைத் தமிழிலும் எழுதி, அதே கதவில் ஒட்டினால் என்ன குடி முழுகிவிடும்?

கடைசியாக யாழ்ப்பாணத்து வழக்கொன்றைச் சொல்லவேண்டும். ஏனெனில் அதிற்றான் நமக்கு உடனே வேலை இருக்கின்றது. 1966 மே மாதத்தில் இலங்கையின் ஸ்தல ஸ்தாபன மந்திரி, யாழ்ப்பாண மாநகர சபை தன் கடமையைச் செய்யத் தகுதியற்றதென்று சொல்லி அதைக் கலைத்தார். சபையை ஒரு வார்த்தை கேட்கவில்லை. மேயராயிருந்த அல்பிரட் துரையப்பா வழக்குத் தொடுத்தார். அது பிரிவி கவுன்சில்வரை சென்றது. கேளாமற் கலைத்தது தவறு, சபைக்குத் தன் பக்கத்தைச் சொல்ல உரிமையுண்டு என்று பிரபுக்கள் ஒப்புக்கொண்டனர். ஆயினும் துரையப்பா தோற்றார்! ஏன்? குறை சபைக்கு நேர்ந்தது. சபையல்லவா வந்து முறையிட வேண்டும்? மேயர் தனியாக வந்து முறையிட முடியாது என்று சொல்லிவிட்டனர். கலைக்கப்பட்ட சபை எப்படிக் கூடும்? எப்படித் தீர்மானம் போடும்? வாயைக் கட்டிவிட்டு, நீ ஏன் கத்தவில்லை என்று கேட்பது போன்றது இது. இத்தீர்ப்பு நியாயமென்று எமக்குத் தோன்றவில்லை. சட்டம் படித்தோருங்கூட இதைக் குறை கூறியிருக்கின்றனர். எனினும் நம் சங்கங்கள் இதைக் கண்டு முன்னெச்சரிக்கை கொள்ளாதிருப்பது மடமை. ஏனெனில் குழு கலைந்து அதிகாரி வந்து உட்கார்ந்த பிறகு, சங்கத்தின் பெயரால் கையெழுத்திடும் பேனா அவர் பையில் இருக்கும்.

ஆகையால் பூட்டு விழுவதற்கு முன்பே, சங்கம் நன்றாக நடக்கின்ற காலத்திலேயே, வருகின்ற பொதுக்கூட்டத்தில் ஒரு தீர்மானம் போட்டு வைக்கலாம். சங்கத்தை முடக்கியோ குழுவைக் கலைத்தோ உத்தரவு வந்தால், காரணத்தையும் அறிக்கையின் பிரதியையும் கேட்டு எழுதவும், வேண்டுமாயின் நியாயத்தலத்தை அணுகவும், இன்னின்ன அங்கத்தினர்களுக்கு இச்சங்கம் இன்றே அதிகாரம் அளிக்கின்றது என்று அது இருக்கட்டும். அவர்கள் டைரக்டர்களாயிருக்க வேண்டாம். பால் வெட்டியவரும் செம்பனைக் குலை அறுப்பவரும் ஆலையில் வேலை செய்பவருமாக ஐவர் போதும். அவருள் இருவர் பெண்களாயிருக்கட்டும். வாசகம் சட்டத்திற்கு ஒத்ததாவென்று ஒரு வழக்கறிஞரிடம் காட்டிக்கொள்ளுங்கள்; அதற்கு ஆகும் செலவு ஒருவேளைப் பிரியாணிச் செலவைவிடக் குறைவு. தீர்மானத்தை மலாயிலும் தமிழிலும் எழுதி, கூட்டக் குறிப்பிலேற்றி, ஆணையத்திற்கு ஒரு பிரதி அனுப்பிவிட்டு, மற்றொன்றைச் சங்க அலுவலகத்திற்கு வெளியே, ஐவரில் ஒருவர் வீட்டுப் பெட்டியில் வைத்துக்கொள்ளுங்கள். அலுவலகத்திற்குள் வைத்தால், பூட்டு விழும் அன்று அதுவும் உள்ளே மாட்டிக்கொள்ளும்.